நுவரெலியா–மஸ்கெலியா: ஒரே ஒரு தேர்தலைக் கண்ட மூவர் தொகுதி

இலங்கையில் ஒரே ஒரு பொதுத் தேர்தலை மட்டும் கண்டுவிட்டு மறைந்துபோன தொகுதிகள் சில உண்டு. அவற்றுள் நுவரெலியா–மஸ்கெலியா தனி ரகம். 1976இல் உருவாகி, 1977 ஜூலை 21ஆம் திகதி ஒரேயொரு தடவை வாக்களித்து, 1989இல் சட்டப்படி இல்லாமல் போன தொகுதி இது. அந்த ஒரு வாக்களிப்பில் மூன்று பேர் வென்றார்கள். முதலாவதாக வந்தவர் அமைச்சரானார். இரண்டாவதாக வந்தவர் பிற்பாடு எதிர்க்கட்சித் தலைவரானார். மூன்றாவதாக வந்தவர் தோட்டத் தொழிலாளரின் தலைவர். 1947க்குப் பிறகு மலையகத் தமிழர் (தோட்ட வேலைக்கு இந்தியாவிலிருந்து வந்தவர்களின் வழிவந்தவர்) ஒருவர் மக்கள் வாக்கில் வென்று நாடாளுமன்றத்துக்குள் காலடி வைத்தது அன்றுதான். நடுவில் போனது முப்பது வருடம்.

ஒரு தொகுதிக்கு எதற்காக மூன்று உறுப்பினர்? இதற்குப் பதில் தேடினால் மலையகத்தின் வாக்குரிமை வரலாறு முழுவதையும் கிளற வேண்டிவரும்.

முதலில் நிலத்தைப் பார்த்துவிடலாம். நுவரெலியா நகரைச் சுற்றியுள்ள மலைகளில் தொடங்கி தலவாக்கலை, கொட்டகலை, அக்கரப்பத்தனை, ஹட்டன், நோர்வூட், பொகவந்தலாவை, மஸ்கெலியா என்று சிவனொளிபாதமலை அடிவாரம் வரைக்கும் தேயிலைதான். நகரங்கள் என்று சொல்லப்படுபவை பெரும்பாலும் ஒரு புகையிரத நிலையத்தையோ ஒரு பஸ் தரிப்பிடத்தையோ சுற்றிய கடைத்தெருக்கள். சனம் வாழ்வது தோட்டங்களில், லயங்கள் எனப்படும் வரிசை வீடுகளில். தொகுதியின் பெயரில் பாதியைத் தந்த மஸ்கெலியாவின் பழைய நகரமே இன்று மவுஸ்ஸாக்கலை நீர்த்தேக்கத்துக்கு அடியில் கிடக்கிறது. கடும் வரட்சியில் நீர் இறங்கும்போது பழைய கோயில் தலைகாட்டும்.

சரி, வாக்குக்கு வருவோம். 1931இல் டொனமூர் அரசியலமைப்பின் கீழ் இலங்கைக்குச் சர்வஜன வாக்குரிமை வந்தது. தோட்டத் தொழிலாளருக்கும் அது கிடைத்தது, ஆனால் முழுதாக அல்ல. இந்த நாட்டிலேயே நிலைத்து வாழ்பவர் என்றோ, ஐந்து வருடம் வசித்து நிரந்தரமாகத் தங்க எண்ணம் கொண்டவர் என்றோ அவர் நிரூபிக்க வேண்டியிருந்தது. அப்படியிருந்தும் அரசாங்க சபையில் மலைநாட்டின் குரல் ஒலித்தது. 1931இல் ஹட்டன் தொகுதியிலிருந்து போன பெரி. சுந்தரம் தொழில் அமைச்சரே ஆனார். 1936இல் அதே ஹட்டனில் வென்றவர் கோ. நடேசய்யர், தோட்டத்துக்குள் தொழிற்சங்கம் நுழைய வழி திறந்தவர். அவருடைய மனைவி மீனாட்சி அம்மாள் கூட்டங்களில் பாட்டாகவே அரசியல் பேசினார். எழுதப் படிக்கத் தெரியாத சனத்திடம் அந்தப் பாட்டுகள் போய்ச் சேர்ந்தன.

1947 பொதுத் தேர்தல்தான் உச்சம். 1939இல் நேரு வந்து போனதோடு உருவான இலங்கை இந்தியன் காங்கிரஸ் மலைநாட்டுத் தொகுதிகளில் ஆட்களை நிறுத்தியது. நுவரெலியாவில் சௌமியமூர்த்தி தொண்டமான், தலவாக்கலையில் கவிஞர் சி.வி. வேலுப்பிள்ளை, கொட்டகலையில் குமாரவேலு, மஸ்கெலியாவில் மோத்தா, நாவலப்பிட்டியில் ராஜலிங்கம் என்று வென்றார்கள். தலவாக்கலைக்குப் பக்கத்து மடக்கும்புர தோட்டத்தில் பிறந்த ஒருவர், அந்த மண்ணின் உறுப்பினராக நாடாளுமன்றத்தில் உட்கார்ந்தார். காங்கிரஸ் போட்டியிடாத பல இடங்களிலும் தோட்ட வாக்குகள் இடதுசாரிகளுக்குப் போயின. ஆட்சிக்கு வந்த ஐக்கிய தேசியக் கட்சிக்கு இது நல்ல சகுனமாகப் படவில்லை.

அதன் பிறகு நடந்ததைச் சட்டங்களின் பெயர்களாகவே சொல்லலாம். 1948இன் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம். 1949இன் 3ஆம் இலக்க இந்திய பாகிஸ்தானியக் குடியிருப்பாளர் சட்டம். 1949இன் 48ஆம் இலக்கத் தேர்தல் திருத்தச் சட்டம். முதலாவது, யார் பிரஜை என்று வரையறுத்தது. தகப்பன் இலங்கையில் பிறந்திருக்க வேண்டும். அல்லது பாட்டனும் பூட்டனும் இங்கே பிறந்திருக்க வேண்டும். இரண்டாவது, வெளியே தள்ளப்பட்டவர்கள் விண்ணப்பித்துத் திரும்பி வர ஒரு குறுகிய வாசலைத் திறந்தது. மூன்றாவது, பிரஜை அல்லாதவருக்கு வாக்கில்லை என்றது.

அந்தக் குறுகிய வாசல் எப்படி இருந்தது? 1946 ஜனவரி 1ஆம் திகதிக்கு முன்பு, மணமானவர் ஏழு வருடமும் மற்றவர்கள் பத்து வருடமும் தொடர்ச்சியாக இங்கே வசித்ததை நிரூபிக்க வேண்டும். லயக் காம்பிராவில் பிறந்தவருக்குப் பிறப்புச் சான்றிதழ் இருந்தால் அதிர்ஷ்டம். பாட்டனுடைய பிறப்புப் பதிவுக்கு எங்கே போவது? அநேகமானவர்களுக்கு இருந்த ஒரே அத்தாட்சி தோட்டத்துச் செக்ரோல், அதாவது சம்பளப் பதிவேடு. அது துரையின், அதாவது தோட்ட அதிகாரியின், கந்தோரில் இருக்கும். ஒரு கலியாணத்துக்கோ குலதெய்வக் கும்பிடுக்கோ இந்தியாவிலுள்ள ஊருக்குப் போய் நீண்ட நாள் தங்கிவிட்டு வந்திருந்தால் ‘தொடர்ச்சி’ அறுந்துவிட்டது என்பார்கள். எட்டு லட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்காக விண்ணப்பங்கள் போடப்பட்டன. கடைசியில் பிரஜாவுரிமை கிடைத்தது ஏறத்தாழ 1,34,000 பேருக்கு. வாழும் மண்ணில் உரிமை கேட்டவரிடம், அவர் கையில் இருக்கவே முடியாத காகிதத்தைக் கேட்ட சட்டம் அது. தவறுதலாக அப்படி அமைந்துவிட்டது என்று நம்ப எனக்கு எந்தக் காரணமும் தெரியவில்லை.

1952 தேர்தலில் விளைவு தெரிந்தது. 1947இல் 19,000க்கு மேல் வாக்காளர் இருந்த தலவாக்கலையில் இடாப்பில் எஞ்சியவர்கள் மூவாயிரத்துக்கும் குறைவு. ஏறத்தாழ 24,000 பேர் இருந்த மஸ்கெலியா 9,000க்குக் கீழே இறங்கியது. காங்கிரஸிலிருந்து ஒருவர்கூட நாடாளுமன்றம் போகவில்லை. அந்த வருடம் தொண்டமானும் வேலுப்பிள்ளையும் மற்றவர்களும் கொழும்பில் சத்தியாக்கிரகம் இருந்தார்கள். வழக்கும் போட்டார்கள். சிறுபான்மைக்கு எதிராகப் பாகுபாடான சட்டம் இயற்றக் கூடாது என்று அப்போது நடைமுறையிலிருந்த சோல்பரி அரசியலமைப்பின் 29ஆம் பிரிவு சொன்னதை வைத்து நடந்த அந்த வழக்கு 1953இல், அன்றைய இறுதி மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. யார் தன் பிரஜை என்று தீர்மானிப்பது ஒரு நாட்டுச் சட்டமன்றத்துக்கு இயல்பாகவே உள்ள அதிகாரம், அது பாகுபாடு ஆகாது என்று தீர்ப்பு வந்தது. சிறுபான்மைக்கான கேடயம் என்று சொல்லப்பட்ட 29ஆம் பிரிவு முதல் சோதனையிலேயே யாரையும் காக்கவில்லை.

பலரும் கவனிக்காமல் கடந்துபோகும் விசயம் ஒன்று இங்கே இருக்கிறது. தொகுதிகளைப் பிரித்தது வாக்காளர் எண்ணிக்கையை வைத்து அல்ல. 75,000 பேருக்கு ஓர் ஆசனம், அதோடு ஒவ்வொரு 1,000 சதுர மைலுக்கும் ஒரு மேலதிக ஆசனம். இதுதான் சோல்பரிக் கணக்கு. இந்த ‘பேர்’ என்பதில் குழந்தையும் உண்டு, பிரஜாவுரிமை இல்லாதவரும் உண்டு. 1946 குடிசன மதிப்பீட்டின்படி இந்தியத் தமிழர் ஏறத்தாழ 7,80,000 பேர், மொத்தச் சனத்தொகையில் 11.7 சதவீதம். ஆசனங்களை ஒதுக்கும்போது இவர்கள் அத்தனை பேரும் எண்ணப்பட்டார்கள். வாக்களிப்பு நாளில் இவர்களில் அநேகர் இல்லை. மத்திய மலைநாட்டுக்குக் கிடைத்த ஆசனங்கள் குறையவில்லை. அவற்றை நிரப்புகிற வாக்காளர்கள்தான் குறைந்தார்கள். ஆகவே மலையோரக் கிராமத்துச் சிங்கள வாக்காளர் ஒருவரின் வாக்குக்கு, கொழும்பில் வாழும் ஒருவரின் வாக்கைவிடப் பெறுமதி கூடியது. தோட்டத்து லயத்தில் இருந்தவருடைய தலை எண்ணப்பட்டது, அவர் பெயரால் ஆசனம் ஒதுக்கப்பட்டது, அந்த ஆசனத்தில் யார் உட்கார்வது என்று தீர்மானிக்கும் உரிமை மட்டும் இன்னொருவருக்குப் போனது. வாக்கு பறிபோனதைவிட இது மோசமானது என்பேன். வாக்கு மட்டும் பறிபோயிருந்தால் அவர் வெளியே நின்றிருப்பார். இங்கே அவரை வைத்தே அவருக்கு எதிரான பலம் கட்டப்பட்டது.

திருத்த ஒரு முயற்சி நடக்காமலும் இல்லை. 1954 நேரு–கொத்தலாவலை ஒப்பந்தத்தின்படி, பதிவாகும் இந்தியருக்குத் தனி வாக்காளர் இடாப்பும் சில தனி ஆசனங்களும் என்று ஓர் ஏற்பாடு சட்டத்தில் ஏறியது. அது நடைமுறைக்கு வராமலே செத்துப்போனது. 1959 எல்லை நிர்ணயம் பழைய கணக்கையே பிடித்தது. 1960இல் தலவாக்கலை, கொட்டகலை என்ற தொகுதிகளே வரைபடத்திலிருந்து காணாமல் போயின. அப்புறம் பதினேழு வருடம், தோட்டத் தமிழருக்கு நாடாளுமன்றத்தில் இருந்தது நியமன உறுப்பினர் பதவிதான். 1960இலும் 1965இலும் தொண்டமான், 1970இல் இன்னொரு தோட்டத் தொழிற்சங்கத் தலைவரான அஸீஸ். அரசாங்கம் விரும்பினால் ஓர் ஆள், விரும்பாவிட்டால் அதுவும் இல்லை. 1972 குடியரசு அரசியலமைப்பு அந்த நியமன ஆசனங்களையும் 29ஆம் பிரிவையும் ஒருசேர ஒழித்தது.

இதற்கிடையில் 1964 ஒக்டோபரில் இலங்கை, இந்தியப் பிரதமர்களுக்கிடையே சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம். பிரஜாவுரிமை இல்லாத 9,75,000 பேரைப் பங்கிட்டார்கள்: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பேசலாம் என்று. அந்த மிச்சத்தை 1974இல் பாதிப்பாதியாகப் பிரித்தார்கள். மலைநாட்டிலிருந்து தலைமன்னாருக்குப் புறப்பட்ட ரயிலுக்கு சனம் வைத்த பெயர் ஒப்பாரிக் கோச்சி. ஆனால் இதே ஒப்பந்தத்தின் மறுபக்கமாக, இலங்கைப் பிரஜைகளாகப் பதிவான தோட்டத்து ஆட்களின் பெயர்கள் கொஞ்சம் கொஞ்சமாக வாக்காளர் இடாப்பில் ஏறத் தொடங்கின. எழுபதுகளின் நடுப்பகுதியில் அவர்களை மீண்டும் ஒரு வாக்காளர் கூட்டமாகப் பார்க்கவேண்டிய நிலை வந்தது.

1976 எல்லை நிர்ணய ஆணைக்குழு அந்தக் கட்டத்தில்தான் வேலை பார்த்தது. 75,000 என்றிருந்த கணக்கு அதற்கு முந்திய வருடம் 90,000 ஆக உயர்த்தப்பட்டிருந்தது. நாடு முழுவதும் 160 தொகுதிகள், 168 உறுப்பினர்கள். இவற்றில் ஆறு மட்டும் பல அங்கத்தவர் தொகுதிகள். கொழும்பு மத்தி, நுவரெலியா–மஸ்கெலியா இரண்டுக்கும் மும்மூன்று பேர்; பேருவளை, ஹாரிஸ்பத்துவ, மட்டக்களப்பு, பொத்துவில் நான்குக்கும் இரண்டிரண்டு பேர். ஒரு சிறுபான்மை செறிந்து வாழ்ந்தும் தனியாக ஓர் ஆசனத்தை வெல்ல முடியாத இடங்களுக்கான ஏற்பாடு இது. பழைய நுவரெலியாவும் மஸ்கெலியாவும், இல்லாமல் போயிருந்த தலவாக்கலையும் கொட்டகலையும் ஒன்றாகி, ஒரு பெரிய தொகுதி உருவானது.

வாக்களிப்பு முறைதான் இதன் உயிர். மூன்று ஆசனம் என்றால் ஒவ்வொரு வாக்காளருக்கும் மூன்று வாக்கு. மூன்றையும் மூன்று பேருக்குப் பிரித்துப் போடலாம், அல்லது மூன்றையும் ஒரே ஆளுக்கே குத்தலாம். தொகுதியில் நூறு வாக்காளர் என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் முந்நூறு வாக்கு. அவர்களில் இருபத்தாறு பேர் ஒற்றுமையாக மூன்று வாக்கையும் ஒருவருக்கே போட்டால் அவருக்கு எழுபத்தெட்டு கிடைக்கும். மீதி எழுபத்துநான்கு பேரிடம் இருப்பது இருநூற்று இருபத்திரண்டு வாக்கு. அவர்கள் எவ்வளவு கச்சிதமாகப் பிரித்துப் போட்டாலும் மூன்று பேருக்குத் தலைக்கு எழுபத்துநான்குக்கு மேல் வராது. ஆகவே நான்கில் ஒரு பங்குக்குச் சற்றுக் கூடுதலான சனம் கட்டுக்கோப்பாக நின்றால் ஓர் ஆசனத்தை யாரும் தட்டிப்பறிக்க முடியாது. ஒற்றை உறுப்பினர் தொகுதியில் அதே நான்கில் ஒரு பங்கு வெறும் தோற்ற வாக்கு. தொழிற்சங்கம் சொன்னால் தோட்டத்துக்குத் தோட்டம் கேட்டு நடக்கிற சனத்துக்கு இதைவிடப் பொருத்தமான முறை இருந்திருக்காது.

தேர்தலுக்கு முந்திய மாதங்கள் சாதாரணமாகக் கழியவில்லை. நிலச்சீர்திருத்தத்தில் தோட்டங்கள் அரசுடைமையாகியிருந்தன. நுவரெலியா மாவட்டத்தில் சுமார் 7,000 ஏக்கர் தோட்டக் காணியைப் பிரித்து வெளியாருக்குக் கொடுக்கத் திட்டம் போட்டார்கள். காணி போனால் வேலை போகும். வேலை போனால் லயமும் போகும். 1977 மே மாதம், தலவாக்கலைப் பக்கம் டெவன் தோட்டத்தில் காணி அளக்க வந்தபோது தொழிலாளர்கள் மறித்து நின்றார்கள். பொலிஸ் சுட்டது. சிவனு லட்சுமணன் என்ற இளைஞர் உயிரிழந்தார். சுற்றுவட்டாரத் தோட்டங்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கின, காணிப் பறிப்பு நின்றது. இரண்டு மாதம் கழித்து அதே பகுதிச் சனம் வாக்குச் சீட்டைக் கையில் வாங்கியது. அந்த மூன்று வாக்குகளும் எந்த மனநிலையில் குத்தப்பட்டன என்று புரிந்துகொள்ள டெவனைத் தெரிந்திருக்க வேண்டும். மலையகத்தில் சிவனு லட்சுமணனை இன்றைக்கும் தியாகி என்றுதான் சொல்வார்கள்.

முடிவு வந்தது. முதலிடம் ஐக்கிய தேசியக் கட்சியின் காமினி திசாநாயக்க. 1970இல் நுவரெலியாவில் வென்று, தேர்தல் மனுவில் ஆசனத்தை இழந்து, இடைத்தேர்தலில் திரும்பி வந்தவர். தோட்டத் தொழிற்சங்கமும் நடத்தியவர் என்பதால் லயங்களிலும் அவருக்கு வாக்கு இருந்தது. இரண்டாமிடம் ஸ்ரீ லங்கா சுதந்திரக் கட்சியின் அநுர பண்டாரநாயக்க, பிரதமர் சிறிமாவோவின் மகன். மூன்றாமிடம் இலங்கைத் தொழிலாளர் காங்கிரஸின் (முன்னைய இலங்கை இந்தியன் காங்கிரஸ்) தொண்டமான். அந்தத் தேர்தலில் ஐக்கிய தேசியக் கட்சி 168இல் 140 ஆசனங்களை அள்ளியது. ஏறத்தாழ 30 சதவீத வாக்கு வாங்கிய சுதந்திரக் கட்சிக்கு மிஞ்சியது எட்டே எட்டு. அந்த எட்டில் ஒன்று நுவரெலியா–மஸ்கெலியாவின் இரண்டாம் ஆசனம். தோட்டத் தமிழருக்கென அமைந்த ஏற்பாடு, சிறிமாவோவின் மகனையும் சேர்த்தே காப்பாற்றியது. ஒற்றை உறுப்பினர் முறையில் இந்த மூவரில் ஒருவர்தான் வந்திருப்பார்.

அடுத்த பன்னிரண்டு வருடம் இந்த மூவரும் நாட்டின் அரசியலில் மூன்று மூலைகளில் நின்றார்கள். காமினி மகாவலி அமைச்சர். 1994இல் ஜனாதிபதி வேட்பாளராக நின்றபோது குண்டுத் தாக்குதலில் கொல்லப்பட்டார். அநுர, 1983இல் தமிழர் விடுதலைக் கூட்டணியினர், தனிநாட்டுக் கோரிக்கையைத் தடைசெய்த ஆறாம் திருத்தத்தால் ஆசனங்களை இழந்த பிறகு எதிர்க்கட்சித் தலைவரானார். தொண்டமான் 1978 செப்டெம்பரில் ஜே.ஆர். ஜயவர்தனவின் அமைச்சரவைக்குப் போனார். தமிழ்க் கட்சிகள் தனிநாடு கேட்ட வட்டுக்கோட்டைத் தீர்மானத்துக்குப் பிறகு அந்தக் கோரிக்கையிலிருந்து விலகி நின்றவர், இப்போது அரசாங்கத்துக்கு உள்ளேயே போய்விட்டார். இதை வடக்கில் பலர் மன்னிக்கவில்லை. ஆனால் வாக்கில்லாமல் முப்பது வருடம் வெளியே நின்ற ஒரு சமூகத்தின் கணக்கு வேறு. 1978 அரசியலமைப்பு, வம்சாவளிப் பிரஜை, பதிவுப் பிரஜை என்ற வேறுபாட்டை எடுத்தது. 1984 வேலைநிறுத்தத்தோடு ஆணுக்கும் பெண்ணுக்கும் சம சம்பளம் வந்தது. கொழுந்துக் கூடை சுமந்த பெண்களுக்கு அது சின்ன விசயமல்ல. 1986இல் பிரஜாவுரிமை கேட்டுப் பிரார்த்தனைப் போராட்டம். அதே வருடமும் 1988இலும் நாடற்றவர்களுக்குப் பிரஜாவுரிமை வழங்கும் சட்டங்கள். எஞ்சியவர்களுக்கான கடைசிச் சட்டம் வர 2003 ஆனது. 1977இல் கிடைத்த அந்த மூன்றாவது ஆசனம் இல்லாமல் இவற்றில் எத்தனை நடந்திருக்கும் என்பதில் எனக்குப் பெரிய சந்தேகம் உண்டு.

தொகுதிக்கு மட்டும் இன்னொரு தேர்தல் வாய்க்கவில்லை. 1978 அரசியலமைப்பு விகிதாசார முறையைக் கொண்டுவந்தது. 1982 டிசம்பர் சர்வஜன வாக்கெடுப்பு அப்போதிருந்த நாடாளுமன்றத்தின் ஆயுளை நீட்டியது. 1989 பெப்ரவரியில் அடுத்த பொதுத் தேர்தல் நடந்தபோது நுவரெலியா மாவட்டம் முழுவதும் ஒரே தேர்தல் மாவட்டம். நுவரெலியா–மஸ்கெலியா அதற்குள் ஒரு வாக்கெண்ணும் பிரிவாகச் சுருங்கியது. உறுப்பினரைத் தெரிவது இனி மாவட்டம்.

எண்ணிக்கையைப் பார்த்தால் இது மலையகத் தமிழருக்கு நட்டமல்ல. 2015இல் நுவரெலியா மாவட்டத்தின் எட்டு உறுப்பினர்களில் ஐவர் அவர்கள். மூன்றில் ஒன்று என்ற 1977 ஏற்பாட்டோடு ஒப்பிட்டால் எவ்வளவோ மேல். ஆனால் விருப்பு வாக்குக்காக (கட்சிப் பட்டியலுக்குள் வேட்பாளருக்கு விழும் தனி வாக்கு) ஒரே சமூகத்து வேட்பாளர்கள் ஒருவரையொருவர் வெட்டிக்கொள்வதும் இந்த முறையோடுதான் வந்தது. பொகவந்தலாவைக்கு யார் பொறுப்பு, அக்கரப்பத்தனைக்கு யார் பொறுப்பு என்று கேட்டால் விரல் நீட்ட ஆளில்லாத நிலையும் அதோடு வந்தது. பழைய மூவர் தொகுதியில் கடிதம் எழுத மூன்று முகவரி இருந்தது. விகிதாசாரத்தைக் கைவிடாமலே இந்தக் குறையைத் தீர்க்க முடியும். சிறிய பல அங்கத்தவர் தொகுதிகள் அதற்கு ஒரு வழி. தேர்தல் முறை மாற்றம் பற்றிய பேச்சு எழும்போதெல்லாம் மலையகக் கட்சிகள் 1977ஐ ஒரு தடவை புரட்டிப் பார்ப்பது நல்லது.

பெயரளவில் எஞ்சிய வாக்கெண்ணும் பிரிவு இன்று மூன்று லட்சத்துக்கும் அதிகமான வாக்காளரோடு நாட்டிலேயே மிகப் பெரியதாக நிற்கிறது. மாவட்டத்தின் மற்ற மூன்று பிரிவுகளான கொத்மலை, வலப்பனை, ஹங்குரன்கெத்த எதுவும் அதன் அளவுக்குக் கிட்ட வராது. பறிக்கப்பட்ட வாக்குகள் திரும்ப வந்து சேர்ந்ததன் அளவு அது. நிர்வாகம் அந்த அளவுக்கு ஈடுகொடுக்கவில்லை. அம்பகமுவ, நுவரெலியா என்ற இரண்டு பிரதேச சபைகளே இந்தப் பெருந்தொகைச் சனத்தின் பெரும்பகுதிக்குப் பல காலம் பொறுப்பாக இருந்தன. அந்தச் சபைகளும் தோட்டத்து எல்லைக்குள் ஒரு பாதையைப் போடக் காசு செலவழிக்க பிரதேச சபைச் சட்டத்தின் 33ஆம் பிரிவு தடையாக நின்றது. 2018இல் அந்தப் பிரிவு திருத்தப்பட்டது. அதே வருடம் இரண்டு சபைகளும் ஆறாகப் பிரிந்தன: அம்பகமுவ, நோர்வூட், மஸ்கெலியா ஒரு பக்கம், நுவரெலியா, அக்கரப்பத்தனை, கொட்டகலை மறுபக்கம்.